பொதுவில் வைத்த கட்டளைகள்

கம்ப்யூட்டரை உபயோகிப்பவர்களில் பெரும்பாலோர், ஒரு புரோகிராம் என்பது தன்னளவில் பூரணமானதொரு வஸ்து என்றும், அதை யந்திரத்தில் ஒருமுறை ஏற்றிவிட்டால் தனக்கு வேண்டியவற்றையெல்லாம் தன்னிடமே வைத்துக்கொண்டு அது ஓடுகிறது என்றும் எண்ணிக்கொண்டிருக்கிறார்கள். அந்த எண்ணம் கலைவதற்கு, ஏதோ ஒரு டி.எல்.எல். கோப்பைக் காணவில்லை, ஆகையால் இந்தப் புரோகிராம் தொடங்காது என்று திரையில் ஒரு சிறு பெட்டி தோன்ற வேண்டியிருக்கிறது. எழுத்துக்களைத் திரையில் வரைவது, கோப்புகளைத் திறப்பது, தேதியைக் கணக்கிடுவது, படத்தைச் சுருக்கி வைப்பது போன்ற எண்ணற்ற சில்லறைக் காரியங்களை சாதாரணமாக ஒரு புரோகிராம் தானே செய்வதில்லை. யந்திரத்தில் ஓரிடத்தில் எல்லோருக்கும் பொதுவாக வைக்கப்பட்டிருக்கும் கோப்புகளிடம் அவற்றை ஒப்படைத்துவிட்டுத் தன் விசேஷ காரியத்தை மட்டுமே அது கவனிக்கிறது. இந்தப் பொது லைப்ரரிகளின் சரித்திரம் கம்ப்யூட்டரின் சரித்திரத்தோடு ஏறக்குறைய ஒத்த வயதுடையது. இடமில்லாத காலத்தில் சிக்கனத்துக்காகப் பிறந்த ஓர் ஏற்பாடு, பலரும் நம்பியிருக்கும் ஒரு பொருளை மாற்றுகிற உரிமை யாருக்கு உண்டு என்னும் தீராத வழக்காக வளர்ந்த வரலாறு அது.

1949-ஆம் ஆண்டு மே மாதம் 6-ஆம் தேதி, இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கணித ஆய்வுக்கூடத்தில், மாரிஸ் வில்க்ஸ் என்பவரின் தலைமையில் கட்டப்பட்ட எட்சாக் என்னும் யந்திரம், எண்களின் வர்க்கங்களை வரிசையாக அச்சடித்துக் காட்டித் தன் வாழ்வைத் தொடங்கியது. பாதரசம் நிரம்பிய நீண்ட குழாய்களில் ஒலியலைகள் ஓயாமல் ஓடிக்கொண்டிருப்பதே அதன் நினைவகம். ஆரம்பத்தில் அதில் 512 கட்டளைகளுக்கோ எண்களுக்கோதான் இடமிருந்தது. இவ்வளவு சிறிய இடத்துக்குள் அடங்கும் கணக்குகளில் பிழை நேர்வதற்கு என்ன இருக்கிறது என்று அதைக் கட்டியவர்களே முதலில் நினைத்திருந்தார்கள் போலும். ஆனால் வில்க்ஸ் தாமே எழுதிய முதல் பெரிய புரோகிராம் 126 வரிகளே கொண்டதாயிருந்தும், அதில் ஏறத்தாழ இருபது பிழைகள் இருந்தன. யந்திரம் இருந்த அறைக்கும் காகித நாடாவில் துளையிடும் அறைக்கும் இடையே மாடிப்படியில் ஏறி இறங்கும்போது, தம் எஞ்சிய ஆயுளில் ஒரு நல்ல பகுதி தம் புரோகிராம்களிலுள்ள பிழைகளைத் தேடுவதிலேயே கழியப்போகிறது என்ற ஞானம் தமக்கு உதித்ததாக அவர் பிற்காலத்தில் தம் நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார்.

பிழையைத் தவிர்க்கச் சிறந்த வழி, ஏற்கெனவே சரிபார்த்து வைத்ததை மறுபடி எழுதாமலிருப்பது. வர்க்கமூலம் காண்பதும், ஸைன் கோஸைன் மதிப்புகளைக் கணக்கிடுவதும், விடையை அச்சடிப்பதும் எல்லாருக்கும் வேண்டியிருக்கிற காரியங்கள். அவற்றை ஒருவர் ஒருமுறை செம்மையாக எழுதி வைத்துவிட்டால் மற்றவர்கள் எடுத்துக்கொள்ளலாம் என்ற யோசனையில் அதிசயம் ஒன்றுமில்லை. அமெரிக்காவில் கோல்ட்ஸ்டைனும் வான் நாய்மனும் 1948-இலேயே அதைப் பற்றி விரிவாக எழுதியிருந்தார்கள். அதை நடைமுறையில் சாதித்துக் காட்டிய பெருமை, அப்போது 22 வயது ஆராய்ச்சி மாணவராயிருந்த டேவிட் வீலருக்கு உரியது. அவருடைய ஏற்பாட்டின்படி, ஐந்து துளை வரிசை கொண்ட காகித நாடாவின் சிறு துண்டுகளாக ஒவ்வொரு சப்ரூட்டீனும் (இத்தகைய ஒரு காரியத்துக்கான கட்டளைத் தொகுதிக்கு அதுவே பெயர்) சுருட்டப்பட்டு, ஓர் இரும்பு அலமாரியில் கிரமமாக அடுக்கப்பட்டிருந்தது. எஸ் என்றால் வர்க்கமூலம், டி என்றால் திரிகோணமிதி, பி என்றால் அச்சு என்று எழுத்து வாரியாக அவற்றுக்குப் பெயர். கணக்குப் போட வருபவர் தமக்கு வேண்டிய சுருளை எடுத்து, யந்திரத்தின் உதவியால் அதைத் தம்முடைய நாடாவில் பிரதி செய்துகொண்டு, திரும்ப வைத்துவிட்டுப் போவார். 1951-இல் வில்க்ஸும் வீலரும் ஸ்டான்லி கில்லும் சேர்ந்து வெளியிட்ட நூல், புரோகிராம் எழுதுவதைப் பற்றிய முதல் பாடப்புத்தகம் என்று கருதப்படுகிறது; அந்தச் சமயத்தில் அலமாரியில் 87 சப்ரூட்டீன்கள் சேர்ந்திருந்தன.

இங்கே சற்று நின்று, வீலருக்கு எதிர்ப்பட்ட இரண்டு சங்கடங்களைக் கிட்டத்தில் வைத்துப் பார்ப்பது நலம். ஏனெனில் பின்னால் வந்த கதை முழுவதும் அவற்றின் வம்சமே. முதலாவது, விலாசச் சங்கடம். ஒரு கட்டளை, நினைவகத்தின் நூறாவது அறையிலுள்ள எண்ணை எடு என்று சொல்லுமானால், அந்தச் சப்ரூட்டீன் எப்போதும் ஒரே இடத்தில்தான் குடியிருக்க முடியும். வேறு ஒருவருடைய கணக்கில் அது இருநூறாவது அறையிலிருந்து தொடங்கினால் அதன் விலாசங்களெல்லாம் பொய்யாகிவிடும். ஆகவே வீலர், நாடாவை உள்ளே வாங்கும் தொடக்கக் கட்டளைகளையே மாற்றி எழுதினார். ஒவ்வொரு விலாசத்தின் பின்னும் ஓர் அடையாள எழுத்து நிற்கும். இந்த விலாசம் சப்ரூட்டீனின் தொடக்கத்திலிருந்து எண்ணப்படுவது என்று அது குறித்தால், நாடா உள்ளே போகும்போதே யந்திரம் தொடக்க விலாசத்தை அதனுடன் கூட்டிக்கொள்ளும். இந்த வித்தை முழுவதையும் 41 கட்டளைகளுக்குள் அவர் அடக்கிவிட்டார் என்பதை நினைக்கும்போது, இன்று ஒரு கால்குலேட்டர் செயலிக்குப் பல மெகாபைட் இடம் கேட்கும் நம் காலத்தைக் குறித்துச் சிறிது வெட்கம் தோன்றாமலிருப்பதில்லை.

இரண்டாவது, திரும்பி வரும் வழியைப் பற்றியது. சப்ரூட்டீன் தன் வேலையை முடித்த பிறகு, தன்னை அழைத்த இடத்துக்கே திரும்ப வேண்டும். ஆனால் அழைக்கும் இடமோ ஒவ்வொரு முறையும் வேறு. எட்சாக்கில் அதை நினைவில் வைத்துக்கொள்ளத் தனி வசதி எதுவும் கிடையாது. வீலர் கண்ட உபாயம் இது: அழைக்கும் கட்டளை, குதிப்பதற்கு முன் தன்னையே கூட்டல் பதிவேட்டில் ஏற்றிக்கொள்ளும். கட்டளை என்பதும் ஓர் எண்தானே. அதற்குள் அது நிற்கும் இடத்தின் விலாசம் இருக்கிறது. சப்ரூட்டீன் முதல் வேலையாக அந்த எண்ணோடு ஒரு மாறிலியைக் கூட்டி, இன்ன இடத்துக்குத் திரும்பிப் போ என்ற புதிய கட்டளையாக அதை மாற்றி, தன்னுடைய வாலில் தானே எழுதிக்கொள்ளும். வீலர் குதிப்பு என்று இதற்குப் பெயர் நிலைத்துவிட்டது. அழகான உபாயந்தான், ஆயினும் இதனால் சப்ரூட்டீன் ஒவ்வொரு முறையும் தன் உடலைத் தானே மாற்றிக்கொள்கிறது என்பதையும், ஆகையால் ஒரே பிரதியை ஒரே சமயத்தில் இருவர் உபயோகிக்க இயலாது என்பதையும் வாசகர்கள் மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டும். அக்காலத்தில் ஒரு யந்திரத்தில் ஒரு சமயத்தில் ஒருவருடைய கணக்குத்தான் ஓடும் என்பதால் அது ஒரு குறையாகத் தோன்றவில்லை.

1952-இல் அமெரிக்காவில் பிட்ஸ்பர்க் நகரில் கூடிய மாநாட்டில் வீலர் படித்த கட்டுரை இரண்டே பக்கம். அதில் அவர், ஒரு சப்ரூட்டீனைத் தனக்கென்று எழுதிக்கொள்வதைவிட லைப்ரரியில் வைக்கத் தகுந்ததாக எழுதுவதற்கு மிக அதிகமான உழைப்பு தேவை என்றும், எல்லாவற்றிலும் கடினமான பகுதி, அதை எப்படி உபயோகிப்பது என்று பிறர்க்கு விளங்கும்படி விவரித்து எழுதுவதே என்றும் தெளிவாகச் சொல்லிவிட்டார். சப்ரூட்டீன் என்பதே மூன்று வயதுக் குழந்தையாயிருந்தபோது சொன்ன வார்த்தை இது. பின்னால் நேர்ந்த அனர்த்தங்களில் பாதி, அந்த விவரத்தில் எழுதியது ஒன்றாகவும் நடைமுறையில் நிகழ்ந்தது வேறொன்றாகவும் இருந்ததனால் விளைந்தவை.

அதே காலத்தில் அட்லாண்டிக்குக்கு அப்பால், ஹார்வர்ட் மார்க் 1 யந்திரத்தில் பணியாற்றியிருந்த கிரேஸ் ஹாப்பர் அம்மையார், தாமும் தம் சகாக்களும் நோட்டுப் புத்தகங்களில் குறித்து வைத்திருந்த கட்டளைத் துணுக்குகளை ஒருவரிடமிருந்து ஒருவர் பார்த்து எழுதும்போது பிரதி செய்வதில் தவறும், விலாசம் கூட்டுவதில் தவறும் இடைவிடாமல் நேர்வதைக் கவனித்தவர். பிரதி செய்வதும் கூட்டுவதும் யந்திரத்துக்குக் கைவந்த கலை ஆயிற்றே, அதனிடமே விட்டுவிட்டால் என்ன என்ற எண்ணத்தின் விளைவாக, யூனிவாக் யந்திரத்துக்காக 1952-இல் ஏ-0 என்னும் புரோகிராமை அவர் உருவாக்கினார். காந்த நாடாவில் எண்ணிட்டு வைத்த சப்ரூட்டீன்களை அது தானே தேடி எடுத்துக் கோத்துக் கொடுத்தது. 1955-இல் ஐ.பி.எம். 704 யந்திரத்துக்கு ஆர்டர் கொடுத்திருந்தவர்கள் ஷேர் என்ற சங்கம் ஒன்றை நிறுவி, போட்டிக் கம்பெனிகளாயிருந்தும் தங்கள் சப்ரூட்டீன்களைத் தங்களுக்குள் இலவசமாகப் பரிமாறிக்கொண்டார்கள். எல்லாரும் ஒரே காரியத்தைத் தனித்தனியே எழுதி மாய்வதில் லாபமில்லை என்று வியாபாரிகளுக்கும் விளங்கிவிட்டது.

இதுவரை பொதுவாக இருந்தது எழுத்து மாத்திரமே; ஓடுகிற பிரதி அவரவருக்குத் தனி. ஒரே யந்திரத்தைப் பலர் ஒரே நேரத்தில் பங்கிட்டுக்கொள்ளும் முறை 1960-களில் வந்தபோது நிலைமை மாறியது. நினைவகம் பொன்னின் விலை விற்ற அந்நாளில், முப்பது பேர் முப்பது முனையங்களில் உட்கார்ந்து ஒரே வர்க்கமூலச் சப்ரூட்டீனின் முப்பது பிரதிகளை உள்ளே நிரப்பி வைப்பது அக்கிரமமாகவே தோன்றியது. மாஸசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகமும், பெல் ஆய்வுக்கூடமும், ஜெனரல் எலெக்ட்ரிக் கம்பெனியும் சேர்ந்து 1965-இல் திட்டத்தை அறிவித்த மல்டிக்ஸ் என்னும் அமைப்பு, இதற்குக் கண்ட பரிகாரம் மிகத் துணிவானது. புரோகிராமில் ஒரு சப்ரூட்டீனின் பெயர் மட்டுமே இருக்கும், விலாசம் இராது. ஓட்டம் அந்த இடத்தை முதன்முறையாக எட்டும்போது, விலாசமில்லாததால் யந்திரம் தடுக்கி நிற்கும். உடனே அமைப்பு குறுக்கிட்டு, பெயரைக் கொண்டு கோப்பைத் தேடிக் கண்டுபிடித்து, விலாசத்தை நிரப்பிவிட்டு, ஒன்றும் நிகழாதது போல் ஓட்டத்தைத் தொடரச் செய்யும். இரண்டாம் முறை அந்தத் தடுக்கல் இல்லை. சப்ரூட்டீனின் உடலை ஒருவரும் திருத்தக்கூடாது என்பதும், நிரப்ப வேண்டிய விலாசங்களெல்லாம் ஒவ்வொருவருக்கும் தனியான ஓர் அட்டவணையில் இருக்க வேண்டும் என்பதும் அங்கே விதியாயின. வீலர் குதிப்பின் காலம் அத்துடன் முடிந்தது. அந்த அட்டவணை இன்றும் வேறு பெயரில் நம் ஒவ்வொருவர் யந்திரத்திலும் இருக்கிறது.

மல்டிக்ஸ் பெருத்த செலவும் பெருத்த தாமதமுமாக இழுத்துக்கொண்டு போகவே, பெல் ஆய்வுக்கூடம் 1969-இல் விலகிக்கொண்டது. விலகி வந்த கென் தாம்ப்ஸனும் டென்னிஸ் ரிட்சியும் ஒரு பழைய சிறிய யந்திரத்தில் படைத்த யூனிக்ஸ், மல்டிக்ஸின் ஆடம்பரங்கள் பலவற்றையும் உதறியதுபோலவே இந்த ஏற்பாட்டையும் உதறியது. அங்கே லைப்ரரி என்பது வெறும் கட்டு; லிங்க்கர் என்னும் கருவி அதிலிருந்து வேண்டிய உறுப்புகளைப் பொறுக்கி எடுத்துப் புரோகிராமுக்குள்ளேயே ஒட்டிவிடும். எட்சாக் அலமாரியிலிருந்து பிரதி செய்துகொண்டு போன முறையேதான். எளிமையில் அதற்கு நிகரில்லை. புரோகிராம்கள் சிறியனவாயிருந்தவரையில் அதனால் நஷ்டமும் இல்லை.

நஷ்டம் தெரிந்தது 1980-களின் நடுவில். எக்ஸ் விண்டோ போன்ற சித்திர முகப்புகள் வந்ததும், ஒரு கடிகாரத்தைத் திரையில் காட்டும் சின்னஞ்சிறு புரோகிராமும் சாளரம் வரையும் லைப்ரரி முழுவதையும் தன் வயிற்றில் சுமக்க வேண்டியதாயிற்று. கடிகாரம் ஒன்று, அஞ்சல் பெட்டி ஒன்று, முனையம் நான்கு என்று திறந்தால் அதே சுமை அத்தனை தடவை. இதற்கு யூனிக்ஸ் உலகம் முதலில் தேடிய பரிகாரம் சற்று முரட்டுத்தனமானது: ஒவ்வொரு பொது லைப்ரரிக்கும் நினைவகத்தில் நிரந்தரமாக ஒரு மனையை ஒதுக்கிவிடுவது. ஏ.டி. அண்டு டி. கம்பெனியின் ஸிஸ்டம் 5 யூனிக்ஸின் மூன்றாம் வெளியீடும், தொடக்ககால லினக்ஸும் இவ்வாறே செய்தன. எந்த லைப்ரரிக்கு எந்த மனை என்பதற்கு ஒரு பதிவேடு வைத்து, பத்திரப் பதிவு அலுவலகம் போல நிர்வகிக்க வேண்டியிருந்தது. புது லைப்ரரி எழுதுபவர் காலியிடம் கேட்டு வாங்க வேண்டும். குடும்பம் பெருத்து ஒதுக்கிய மனைக்குள் அடங்காமற்போனால் அவர் பாடு திண்டாட்டந்தான்.

ஸன் கம்பெனியின் ராபர்ட் ஜிங்கெல்லும் அவருடைய மூன்று சகாக்களும் 1987-இல் விவரித்து, மறு ஆண்டு ஸன் ஓ.எஸ். 4.0-இல் வெளிவந்த முறை, மல்டிக்ஸின் துணிவையும் யூனிக்ஸின் எளிமையையும் ஒருங்கே கொண்டிருந்தது. எந்த இடத்தில் வைத்தாலும் திருத்தமின்றி ஓடும்படி லைப்ரரியின் கட்டளைகள் அமைந்தன. விலாச அட்டவணை மட்டும் ஒவ்வொரு புரோகிராமுக்கும் தனி. ஒரு சப்ரூட்டீனை முதல் தடவை அழைக்கும்போதுதான் அதன் விலாசம் தேடி நிரப்பப்படும். அதன் வழியில் பிறந்த ஈ.எல்.எஃப். என்னும் கோப்பு வடிவம் ஸிஸ்டம் 5-இன் நான்காம் வெளியீட்டில் புகுந்து, 1995-ஐ ஒட்டி லினக்ஸையும் ஆட்கொண்டது. மனைப் பதிவேடு அன்றோடு தொலைந்தது. ஆனால் அதைவிடப் பெரிய விஷயம், கோப்பின் பெயருக்குப் பின்னால் ஓர் எண்ணைச் சேர்க்கும் வழக்கம். பழைய புரோகிராம்களோடு ஒத்துப்போகாத மாறுதல் எதையேனும் செய்தால் எண்ணை உயர்த்த வேண்டும். உயர்த்திய புதுக் கோப்பு பழையதன் பக்கத்தில் வந்து உட்காருமேயன்றிப் பழையதன் மேல் உட்காராது. ஐந்தாம் எண்ணை நம்பி எழுதிய புரோகிராமுக்கு ஐந்தாம் எண் கிடைக்கும். ஆறை நம்பியதற்கு ஆறு.

விண்டோஸ் உலகம் இந்த ஓர் எண்ணைச் சேர்க்காமல் விட்டதனால் பட்ட பாடு, தொழில் சரித்திரத்தில் ஒரு தனி அத்தியாயம். 1985 நவம்பரில் வெளியான முதல் விண்டோஸ், 256 கிலோபைட் நினைவகமும் இரண்டு ஃபிளாப்பி டிரைவும் இருந்தால் போதும் என்று சொல்லிக்கொண்டு வந்தது. அவ்வளவு குறுகிய வீட்டில் சாளரங்களையும் சித்திரங்களையும் குடியேற்ற, பகிர்ந்துகொள்வதைத் தவிர வேறு மார்க்கமில்லை. ஆகவே கெர்னல், யூஸர், ஜி.டி.ஐ. என்ற மூன்று பொது லைப்ரரிகளின் மேலேயே அந்த மாளிகை முழுவதும் எழுப்பப்பட்டது. விண்டோஸை வெளியிட்ட கம்பெனி தன் லைப்ரரிகளை வைத்ததோடு நிற்காமல், வெளியார் எழுதும் புரோகிராம்களும் டி.எல்.எல். எனப்படும் தங்கள் லைப்ரரிகளை ஸிஸ்டம் என்ற அதே பொது டைரக்டரியில் கொண்டுவந்து வைக்க இடம் கொடுத்தது. விஷுவல் பேசிக்கில் எழுதிய புரோகிராம்கள், வி.பி.ரன் என்று தொடங்கும் கோப்பு அங்கே இருந்தாலன்றி அசைவதில்லை. சி, சி++ மொழிகளில் எழுதியவற்றுக்கு எம்.எஸ்.வி.சி.ஆர்.டி. என்றும் எம்.எஃப்.சி.42 என்றும் துணைகள் தேவைப்பட்டன.

நம் ஊர்களில் கல்யாணச் சமையலுக்கென்று ஊர்ப் பொதுவில் அண்டாக்களும் குண்டான்களும் வாங்கி வைத்திருப்பார்கள். எடுத்துப் போகிறவர் எடுத்துப்போன பாத்திரத்தையே திரும்பக் கொண்டு வந்து வைப்பார் என்ற நம்பிக்கையில் அந்த ஏற்பாடு நடக்கிறது. 1990-களின் விண்டோஸ் டைரக்டரியிலோ, வருகிற ஒவ்வொருவரும் தாம் கொண்டுவந்த அண்டாவைப் பொது அண்டா இருந்த இடத்தில் வைத்துவிட்டுப் பழையதை எறிந்துவிட்டுப் போனார்கள். இரண்டாண்டுக்கு முந்தைய டி.எல்.எல். ஒன்றைத் தன்னுடன் சுமந்து வரும் இன்ஸ்டால் புரோகிராம், புதியது அங்கே இருக்கிறதா என்று பார்க்காமலே அதன் மேல் எழுதிவிடும். மறுநாள் காலையில், அதற்கும் இதற்கும் யாதொரு சம்பந்தமுமில்லாத வேறொரு புரோகிராம் திறக்க மறுக்கும். பதிப்பு எண்ணை ஒப்பிட்டுப் பார்த்துப் புதியதை மட்டுமே வைக்கும் ஒழுங்கான இன்ஸ்டால்களாலும் விபத்து நேராமலில்லை. ஏனெனில் புதிய பதிப்பு பழையதுபோலவே எல்லா விதத்திலும் நடந்துகொள்ளும் என்பது வாக்குறுதியாக மட்டுமே இருந்தது. டி.எல்.எல். நரகம் என்று அந்தத் தலைமுறைப் புரோகிராமர்கள் பெயரிட்டது இந்தக் கால நிலைமையைத்தான்.

அந்த நரகத்தின் வாயிலில் நின்ற ஒரு சிறு பெட்டியைப் பற்றிச் சொல்லாமல் மேலே செல்ல மனம் வரவில்லை. ஒவ்வொரு பொது டி.எல்.எல். கோப்பையும் எத்தனை புரோகிராம்கள் பகிர்ந்துகொண்டிருக்கின்றன என்ற எண்ணிக்கையை ரெஜிஸ்ட்ரி என்னும் பதிவேட்டில் குறித்து வைக்கும் வழக்கம் விண்டோஸ் 95 காலத்தில் வந்தது. வேண்டாத புரோகிராமை நீக்கும்போது எண்ணிக்கை ஒன்று குறையும். பூஜ்யத்துக்கு வந்துவிட்டால், இந்தப் பொதுக் கோப்பை இப்போது யாரும் உபயோகிப்பதாகத் தெரியவில்லை, நீக்கிவிடலாமா, ஆனால் யாரேனும் உபயோகித்துக்கொண்டிருந்தால் அந்தப் புரோகிராம் ஓடாமற்போகலாம் என்று ஒரு கேள்வி திரையில் தோன்றும். எண்ணிக்கையைச் சரியாக ஏற்றாத இன்ஸ்டால்கள் பல இருந்தமையால் யந்திரத்துக்கே தன் கணக்கில் நம்பிக்கை கிடையாது. ஆகையால் அது, அந்த அறையிலேயே அந்த விஷயத்தைப் பற்றி மிகக் குறைவாக அறிந்தவரிடம், அதாவது குமாஸ்தாவிடமும் பள்ளி மாணவனிடமும், தீர்ப்புக் கேட்டது. விவேகிகள் வேண்டாம் என்ற பொத்தானையே அழுத்தினார்கள். அதனால் டைரக்டரிகளில் ஆண்டுக்கணக்கில் அனாதைக் கோப்புகள் குவிந்தன. ஆயினும் வேறு என்னதான் செய்திருக்க முடியும்?

2000-ஆம் ஆண்டு பிப்ரவரியில் வந்த விண்டோஸ் 2000, தன் சொந்த டி.எல்.எல். கோப்புகளைக் காவலில் வைத்தது. யாராவது அவற்றின் மேல் எழுதினால் சேமித்து வைத்த நல்ல பிரதியை ஓசைப்படாமல் திரும்ப வைத்துவிடும். மறு ஆண்டு அக்டோபரில் வந்த விண்டோஸ் எக்ஸ்பி, ஒரே லைப்ரரியின் பல பதிப்புகளை அக்கம்பக்கமாக வைத்து, எந்தப் புரோகிராமுக்கு எந்தப் பதிப்பு என்பதை ஒரு சீட்டில் குறிக்கும் முறையைக் கொண்டுவந்தது. அதற்கென ஏற்பட்ட வின்-எஸ்-எக்ஸ்-எஸ் என்னும் டைரக்டரி பெருத்து வளர்ந்து இடத்தை அடைப்பதாகப் பின்னால் பலரும் குறைப்பட்டார்கள். இடத்தைச் சேமிக்கத் தொடங்கிய ஏற்பாடு, சமாதானத்தை விலைக்கு வாங்க இடத்தைச் செலவிடும் நிலைக்கு வந்து சேர்ந்தது.

இவ்வளவு தொல்லையென்றால் அவரவர் பிரதியை அவரவர் வைத்துக்கொள்வதுதானே என்று கேட்கத் தோன்றும். 2002-ஆம் ஆண்டு மார்ச் மாதம் அதற்கு ஒரு விடை கிடைத்தது. ஜான்-லூ கெயிலியும் மார்க் அட்லரும் எழுதிய இஸட்லிப் என்ற சுருக்கும் லைப்ரரியின் 1.1.3 பதிப்பில், ஒரே நினைவக அறையை இருமுறை விடுவித்துவிடும் பிழை ஒன்று, தீயோர் நுழைவதற்கு வழியாகக்கூடியது, வெளிப்பட்டது. அந்த லைப்ரரியைப் பொதுவில் வைத்துப் பகிர்ந்துகொண்ட புரோகிராம்களுக்கெல்லாம் ஒரே ஒரு கோப்பை 1.1.4 ஆக மாற்றியதுமே சிகிச்சை முடிந்துவிட்டது. ஆனால் அதன் பிரதியைத் தனக்குள்ளே ஒட்டிக்கொண்ட புரோகிராம்கள் எத்தனை, அவை எவை என்று ஒருவருக்கும் தெரியாது. லினக்ஸின் மையப் பகுதியான கெர்னலுக்குள்ளேயே ஒரு பிரதி இருந்தது. லினக்ஸ் விநியோகஸ்தர்கள் ஒவ்வொரு புரோகிராமாகத் திறந்து, இஸட்லிப்பின் அடையாளங்கள் உள்ளே தென்படுகின்றனவா என்று துருவிப் பார்த்து ஒவ்வொன்றையும் மறுபடி கட்ட வேண்டியிருந்தது. 2014 ஏப்ரலில் ஓப்பன் எஸ்.எஸ்.எல். லைப்ரரியில் ஹார்ட்பிளீட் என்ற பிழை வெளியானபோதும் இதே பாடந்தான்.

பொதுவுடைமைக்கு எதிரான சாட்சியமும் உண்டு. 2024 மார்ச் 29-ஆம் தேதி, ஆண்ட்ரெஸ் ஃபிராயிண்ட் என்னும் பொறியாளர், தொலைவிலிருந்து யந்திரத்துக்குள் நுழையும் எஸ்.எஸ்.ஹெச். வழக்கத்தைவிட அரை விநாடி தாமதிப்பதைத் துருவிக்கொண்டு போய், எக்ஸ்இஸட் என்ற சுருக்கும் லைப்ரரியின் 5.6.0, 5.6.1 பதிப்புகளில் வேண்டுமென்றே ஒரு கள்ளக் கதவு வைக்கப்பட்டிருப்பதாக அறிவித்தார். எஸ்.எஸ்.ஹெச். அந்த லைப்ரரியை நேராகக் கேட்டதே இல்லை. சில விநியோகங்களில் அது கேட்ட வேறொரு லைப்ரரி, தன் தேவைக்காக இதை அழைத்து வந்திருந்தது. விருந்தினரின் விருந்தினராக உள்ளே வந்தவர், சப்ரூட்டீன்களின் விலாசம் நிரப்பப்படும் அந்த நொடியைப் பயன்படுத்தி, கையொப்பம் சரிபார்க்கும் சப்ரூட்டீனின் இடத்தில் தன்னுடையதைப் புகுத்தப் பார்த்தார். மல்டிக்ஸ் காலத்திலிருந்து வரும் அந்த அட்டவணையைத்தான் அவர் குறிவைத்தார் என்பது கவனிக்கத்தக்கது.

நினைவகம் மலிந்துவிட்ட இக்காலத்தில் பலர் பழைய வழிக்கே திரும்புகிறார்கள். கூகிளில் பிறந்த கோ மொழியின் புரோகிராம்கள் பெரும்பாலும் வேண்டியதையெல்லாம் தமக்குள் ஒட்டிக்கொண்டே வருகின்றன. 2013-இல் வெளிவந்த டாக்கர், புரோகிராமோடு அதன் லைப்ரரிகள் அனைத்தையும் ஒரே மூட்டையாகக் கட்டி அனுப்புகிறது. நம் கைப்பேசிச் செயலிகளும் கிட்டத்தட்ட அப்படியே. எனக்கு இதில் பெரிய ஆட்சேபம் இல்லை. இஸட்லிப் ஒவ்வொரு மூட்டையிலும் ஒளிந்திருக்கக்கூடும் என்பதை நினைவில் வைத்திருந்தால் போதும். ஆனால் மூட்டை கட்டுகிறவர்களும் எளிதில் தவிர்க்க முடியாத ஒரு பொது லைப்ரரி பெரும்பாலான லினக்ஸ் விநியோகங்களில் இருக்கிறது. அதை நிர்வகிக்கிறவர்களுக்கு நேர்ந்த ஒரு தர்மசங்கடம் சொல்லத் தகுந்தது.

சி மொழியின் அடிப்படை லைப்ரரிதான் அது. அதில் மெம்காப்பி என்றொரு சப்ரூட்டீன் உண்டு. நினைவகத்தின் ஒரு பகுதியை இன்னொரு பகுதிக்குப் பிரதி செய்வது அதன் ஒரே வேலை. இரண்டு பகுதிகளும் ஒன்றன்மேல் ஒன்று படியக்கூடாது, படிந்தால் விளைவுக்கு உத்தரவாதமில்லை என்று அதன் விவரத்தில் தெளிவாக எழுதியிருக்கிறது. படிந்தாலும் வெகு காலமாக ஒரு கெடுதியும் விளையாததனால், விவரத்தைப் படிக்காதவர்களுக்குத் தாங்கள் விதியை மீறுகிறோம் என்றே தெரியவில்லை. 2010-இல் சில புராஸஸர்களில் வேகம் கூடும்படி, பிரதி செய்யும் திசையை வாலிலிருந்து தலைக்கு மாற்றினார்கள். ஃபெடோரா என்னும் லினக்ஸ் விநியோகத்தின் 14-ஆம் பதிப்பில் அது வெளிவந்ததும், அடோபியின் ஃபிளாஷ் பிளேயரில் பாட்டுக் கேட்பவர்களுக்கு ஒலி விசித்திரமாகக் கரகரத்தது. விதியை மீறியது ஃபிளாஷ்தான், நாங்கள் எழுதியபடியே நடந்தோம் என்று லைப்ரரியின் தரப்பு வாதிட்டது; எழுதியிருப்பது எதுவாயினும், நேற்றுவரை ஓடிய புரோகிராமை இன்று ஓடாமற்செய்வது உபயோகிப்பவனுக்கு இழைக்கும் தீங்கு என்று லினக்ஸை உருவாக்கிய லினஸ் டோர்வால்ட்ஸ் எதிர்வாதம் செய்தார்.

தீர்ப்பு இருவருக்குமே சாதகமாக வந்தது. 2011-இல் வெளியான 2.14 பதிப்பிலிருந்து அந்த லைப்ரரிக்குள் மெம்காப்பி என்ற பெயரில் இரண்டு சப்ரூட்டீன்கள் பதிப்புக் குறியோடு இருக்கின்றன. அதற்கு முன் கட்டப்பட்ட புரோகிராம் கேட்டால், பகுதிகள் படிந்தாலும் பிழைக்காத சாதுவான ஒன்று அதற்குக் கிடைக்கிறது. பின்னர் கட்டப்பட்டது கேட்டால் வேகமானது கிடைக்கிறது. இத்தகைய இரட்டைகளை ஒரே கோப்புக்குள் சேர்த்துக்கொண்டே வந்ததனால், 1997-இல் ஆறு என்று இட்ட எண்ணை அதன் நிர்வாகிகளுக்கு இதுவரை ஏழாக்க வேண்டிய அவசியமே வரவில்லை.